சாண்டோவின் உடம்பு

தமிழக அரசு வழங்கும் திரைப்பட விருதுகளில் ஒன்று ராஜா சாண்டோவின் பெயரில் இருக்கிறது. விருது வாங்கியவர்களைத் தெரிந்த அளவுக்கு அந்தப் பெயருக்கு உரியவரைத் தெரிந்தவர்கள் குறைவு. தெரிந்தவர்களும் அவரை இயக்குநர் என்பார்கள். புராணத்தையே சுற்றிவந்த தமிழ்ப் படத்தைச் சமூகக் கதைப் பக்கம் இழுத்தவர், ‘மேனகா’ (1935) எடுத்தவர் என்று. அந்த இயக்குநர் உருவானது பம்பாய்ப் பேசாப் படங்களில் நடித்த காலத்தில்தான் என்பது என் கணிப்பு.

புதுக்கோட்டைக்காரரான பி.கே. நாகலிங்கத்தைத் திரைக்குக் கொண்டுபோனது நாடகக் கம்பெனி அல்ல, தேகப்பயிற்சி. யூஜின் சாண்டோ என்ற ஐரோப்பியப் பயில்வானின் பெயர் அன்று கட்டுடலுக்கே மறுபெயர். அது இவருக்கும் ஒட்டிக்கொண்டது. பாட்டும் வசனமும் இல்லாத திரையில் குரல் பயிற்சி இல்லாதது ஒரு குறையில்லை. ஷாங்காயிலும் 1928இல் ‘செந்தாமரைக் கோயில் எரிப்பு’ வெளிவந்தபின் வாள்வீச்சுப் படங்கள் பெருகி, உடல் வித்தைக்கு மவுசு வந்தது. சாண்டோவுக்கு அந்தக் காலம் சற்று முன்பே வந்துவிட்டது. ‘பக்த போதனா’ 1922இல், ‘வீர் பீம்சேன்’ 1923இல்.

வெறும் புஜபலத்தைக் காட்டியதை நடிப்பு என்று சொல்லலாமா என்று கேட்கலாம். பீமன் கதையோடு அவர் நின்றிருந்தால் கேள்வி நியாயம். ஆனால் சந்துலால் ஷா 1926இல் ‘டைப்பிஸ்ட் கேர்ள்’ எடுத்தபோது சுலோசனா, கோஹர் ஆகியோருடன் நடித்தவர் சாண்டோ. மறு வருஷம் ‘குணசுந்தரி’யிலும் அவர் உண்டு. அது வீட்டு வேலையில் மூழ்கிய மனைவிக்கும் சலித்து வெளியே போகும் கணவனுக்கும் இடையிலான கதை. கதாயுதம் தூக்கும் வேலை அதில் இல்லை. நகர வாழ்க்கைக் கதைகளுக்கு மறுபடி மறுபடி அவரைத் தேடினார்கள் என்றால், உடம்பை அடக்கி வைக்கவும் அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

படமே கிடைக்காதபோது நடிப்பை எப்படி எடைபோடுவது என்பது இதைவிடக் கடினமான ஆட்சேபம். மரக்காணத்தில் உப்பு விளைவிக்கும் அதே வெயிலும் கடற்காற்றும் நைட்ரேட் பிலிமைப் பொடியாக்கிவிடும். தென்னிந்தியப் பேசாப் படங்களில் முழுமையாக மிஞ்சிய ‘மார்த்தாண்ட வர்மா’கூட, பதிப்புரிமை வழக்கில் சிக்கி ஒரு புத்தகக் கடையில் கிடந்ததால் தப்பியது (வழக்குகளால் கலைக்கு நேர்ந்த அபூர்வமான நன்மை). ஆகவே அவர் முகபாவம் எப்படி இருந்தது என்று பேசுவதில் பொருளில்லை. அவர் தேர்ந்த பாதையைப் பார்க்கலாம். சென்னை திரும்பியதும் ‘பேயும் பெண்ணும்’ (1930), வை.மு. கோதைநாயகி நாவலிலிருந்து ‘அநாதைப் பெண்’ (1931). ‘நந்தனார்’ போன்ற பக்திக் கதை நடுவே வந்தாலும் போக்கு தெளிவு. பம்பாயில் நடித்த வகையைத்தான் இங்கே இயக்கினார்.

‘மேனகா’வின் நடிகர்கள் டி.கே.எஸ். சகோதரர்கள், கொட்டகையின் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகியவர்கள். அவர்களைக் கேமரா முன் நிறுத்தியவர், பல வருஷம் குரலே கேட்காத படங்களில் நடித்தவர்.