யவனர் கூறும் பாண்டியநாட்டரசியும் தடாதகைப் பிராட்டியாரும்

மதுரைமாநகரின் சித்திரைப் பெருவிழாவில் எட்டாநாள் அங்கயற்கண்ணம்மைக்குத் திருமுடி சூட்டப்பெறும். ஒன்பதாநாள் திக்குவிசயமும், பத்தாநாள் திருமணமும் நிகழும். சித்திரை தொட்டு நான்கு திங்கள் அம்மையின் ஆட்சி. ஆவணி மூலத் திருவிழாவில் சொக்கலிங்கப் பெருமான் முடிபுனைந்தபின் எஞ்சிய எட்டுத் திங்கள் அப்பனது ஆட்சி. இது நகரத்தார் வழிவழியாகக் கொண்டொழுகும் மரபு.

இம்மரபிற்கு யவனர் நூல்களிலே சான்றுண்டென்றும், கிறித்துவிற்கு முந்நூறாண்டுகட்கு முன்னரே தடாதகைப் பிராட்டியாரின் வரலாற்றை யவனர் எழுதிவைத்தனர் என்றும் கூறுவார் உளர். அவர் கருத்தின்படி, யவனர் கூறும் பண்டேயா என்னும் அரசியே தடாதகையார். அவள் தந்தையென்று கூறப்படும் ஹெரக்ளீஸ் என்பானே சிவபெருமான். தொன்மை காட்டும் ஆர்வத்தால் இக்கூற்றினைச் சைவருட் சிலரும் உவந்து ஏற்கின்றனர். ஏற்குமுன் அந்நூல்கள் கூறுவதனை முற்றும் நோக்குதல் கடனாம்.

சந்திரகுப்த மோரியனது பாடலிபுத்திரத்திற்குச் செலூக்கஸ் நிக்கேட்டர் என்னும் யவன வேந்தன் விடுத்த தூதன் மெகஸ்தனீஸ். அவன் காலம் கி. மு. 300-ஐ ஒட்டியது. அவன் இயற்றிய ‘இந்திகா’ என்னும் நூல் இறந்துபட்டது. பின்வந்த ஸ்திராபோ, பிளினி, அர்ரியன் முதலாயினோர் எடுத்தாண்ட பகுதிகளே இன்று கிடைப்பன. அவற்றுள் அர்ரியன் தரும் செய்தி வருமாறு: ஹெரக்ளீசுக்கு ஆண்மக்கள் பலர்; பெண் ஒருத்தியே. அவள் பெயர் பண்டேயா. அவள் பிறந்ததும் தந்தை அவளுக்கு ஆளக்கொடுத்ததுமாகிய நாடு அவள் பெயராலேயே வழங்கலாயிற்று. 500 யானையும், 4,000 குதிரையும், 1,30,000 காலாளும் அவள் பெற்ற படை. நிலமும் கடலும் சுற்றித் திரிந்த ஹெரக்ளீஸ் கடலிற் கண்ட முத்தினை மகளுக்கு அணியாகத் தேடிக்கொணர்ந்தான் என்பதும் ஆண்டுக் கூறப்பட்டது. இந்தியாவிற் பெண்டிரால் ஆளப்படும் குலம் பாண்டியர் குலம் ஒன்றே என்பது பிளினியின் செய்தி. அந்நாடு தெற்கே கடல்வரை பரந்தது என்றும், 365 ஊர்களைக் கொண்டது என்றும், நாளொன்றுக்கு ஓர் ஊர் முறைவைத்து அரசிக்கு இறை செலுத்திற்று என்றும் பாலியேனஸ் கூறினான்.

பாண்டியர் என்னும் பெயர், ஒரே மகள், முத்துடைய தென்கடல், படையுடைய பெண்ணரசு ஆகிய இவை நம் புராணத்தோடு ஒத்துத் தோன்றுதலின், காண்பார் மனம் ஒற்றுமைக்கண் ஈர்க்கப்படுதல் இயல்பே. ஆயினும் இக்கொள்கைக்கு மூன்று குற்றங்கள் உள.

முதலாவது, சான்றினைப் பாதியாக வெட்டிக் காட்டுதல். அர்ரியன் மேலும் கூறுவது யாதெனின்: அந்நாட்டிற் பெண்டிர் ஏழாண்டிலேயே மணப்பருவம் எய்துவர், ஆடவர் நாற்பதாண்டிற்கு மேல் உயிர்வாழார். தன் முடிவு அணுகியதுணர்ந்த ஹெரக்ளீஸ், மகளுக்கு ஏற்ற கணவன் ஒருவனையும் காணாமையால், ஏழாண்டினளாகிய அவளைத் தானே கூடி அரசகுலத்தைத் தோற்றுவித்தான். இப்பகுதியை ஒற்றுமை கூறுவார் எவரும் எடுத்தோதுவதிலர். ஓதின் கேட்பார் செவிபொத்துவர் என்பதை அவர் அறிவர். ஒரு சான்றினைக் கொள்வார் அதனை முழுதுங் கொள்ளல் வேண்டும். தமக்கு இனியது கொண்டு இன்னாதது மறைத்தல் ஆராய்ச்சி நெறியாகாது. இத்தகைய ஆற்றலுடையான் தன் வாழ்நாளையே நீட்டித்துக்கொண்டிருக்கலாமே என அர்ரியனே இக்கதையை ஐயுற்றுரைத்தான்.

புராணம் கூறுவதோ வேறு. மலயத்துவச பாண்டியனும் காஞ்சனமாலையும் மகப்பேறு வேண்டி இயற்றிய வேள்வியில், மூன்றாண்டுக் குழவியாய், மூன்று தனங்களோடு தோன்றியவர் தடாதகையார். ஆண்மகவெனக் கலைபயின்று, முடிசூடித் திசைவென்று, திருக்கயிலையில் இறைவனைக் கண்டவளவில் ஒரு தனம் மறைய, தமக்குரிய நாயகன் அவனே எனத் தெளிந்து நாணி நின்றவர் அவர். ஈண்டுத் தந்தை பாண்டியன்; நாயகன் இறைவன். ஆண்டோ தந்தையும் நாயகனும் ஒருவனே. கதையின் உயிர்நிலையே மாறுபட்டிருப்பப் படைத்தொகையும் முத்தும் ஒத்தலாற் பெறும் பயன் என்னை?

அற்றேல், திருவிளையாடற் புராணம் காலத்தாற் பிற்பட்டதாகலின், யவனர் கூறியதே பழைய வடிவென்றும், புராணம் அதனைத் திருத்தியதென்றும் கொள்ளலாமே எனின், ஆகாது. அத்திருத்தம் நிகழ்ந்தமைக்கு இடைப்பட்ட சான்று ஒன்றேனும் காட்டல் வேண்டும். ஏழாம் நூற்றாண்டினராகிய திருஞானசம்பந்தர் ஆலவாய்ப் பதிகத்தில் அங்கயற்கண்ணியாரை இறைவனொடு உடனமர்ந்தவராகவே போற்றினர். யவனர் கதையின் சாயல் ஆண்டும் இல்லை.

இரண்டாவது, யவனர் பெயரிடும் வழக்கத்தை அறியாமை. யவனர் தாம் சென்ற நாடுதோறும் அயலார் தெய்வங்கட்குத் தம் தெய்வப் பெயர்களையே சூட்டினர். தோலுடுத்துத் தடியேந்திய சிபே என்னும் குடியினரைக் கண்டு, ஹெரக்ளீசும் தோலும் தடியும் உடையனாகலின், இவர் அவன் படையினரின் வழித்தோன்றல்கள் என்று எழுதினர். இத்தகைய கதைகள் அலெக்சாந்தரின் புகழைப் பெருக்குதற்கு மக்கெதோனியராற் புனையப்பட்டன என்று, யவனருள்ளேயே எரதோஸ்தனீஸ் என்னும் பேரறிஞன் மறுத்துரைத்தான். மேலும், மெகஸ்தனீஸ் கூறும் ஹெரக்ளீசைச் சிறப்பாக வழிபட்டோர் சூரசேனர் என்பதும், அவர் நகர் மெதோரா என்பதும் அந்நூலிலேயே உள. மெதோரா என்பது யமுனைக்கரை மதுராவாகும். ஆகலின் அப்பெயராற் குறிக்கப்பட்டான் கண்ணனே என்பது ஆராய்ச்சியாளர் பலர் துணிபு. வடமதுரைச் செய்தியும் தென்மதுரைச் செய்தியும் தூதன் செவியில் ஒன்றாய்க் கலந்தனபோலும்.

பெயரொப்புமை எத்துணை ஏமாற்றும் என்பதற்குப் பிறிதொரு காட்டும் உண்டு. ஏதென்ஸ் நகரின் பழங்கதைகளிற் பாண்டியோன் என்னும் பெயருடைய அரசர் இருவர் உளர். ஒருவன் புரோக்னே, பிலோமேலா என்னும் மகளிரின் தந்தை, மற்றவன் தீசியூஸ் என்னும் வீரனுடைய பாட்டன். இரண்டாம் நூற்றாண்டினனாகிய தாலமி மதுரையைப் பாண்டியோனது தலைநகர் என்றே எழுதினான். தமக்குப் பழகிய பெயரால் அவர் நம் பாண்டியனை வழங்கினர், அவ்வளவே. இதுகொண்டு பாண்டியர் ஏதென்சை ஆண்டனர் என ஒருவர் கூறின், அதனை யார் ஏற்பர்?

மூன்றாவது குற்றமே பெரிது. அது பதியிலக்கணத்தை மறந்தமையால் வந்தது. யவனர் கதையின்படி ஹெரக்ளீஸ், சேயஸ் என்னும் தேவனுக்கும் அல்க்மீனி என்னும் மானுடப் பெண்ணுக்கும் பிறந்தவன். பித்தேறித் தன் மக்களையே கொன்றான். அப்பழி தீரும்பொருட்டு யூரிஸ்தியூசுக்கு ஏவலனாய்ப் பன்னிரண்டு அருஞ்செயல்களை முடித்தான். பின்னொருகால் ஓம்பலே என்னும் அரசிக்கு அடிமையாய் விற்கப்பட்டான். இறுதியில் மனைவி விடுத்த நஞ்சு தோய்ந்த ஆடையால் வெந்து, ஈத்தா மலையில் ஈமத்தீயேறித் தேவருலகு எய்தினான். பிறந்தும், வினை செய்தும், அதன் பயன் நுகர்ந்தும், இறந்தும் வருவது பசுவின் இயல்பென்பது சித்தாந்தத் துணிபு. சிவஞான சித்தியார் பிற தெய்வங்களைப் பதியினின்றும் பிரித்தறிதற்கு வைத்த அளவுகோலும் இதுவே. ஹெரக்ளீசின் செயல் பன்னிரண்டும் பழிதீர்க்க ஆற்றிய வினை. ஆலவாயண்ணலின் செயல் அறுபத்துநான்கும் உயிர்கள்மாட்டு வைத்த அருளால் ஆடிய விளையாட்டு. வைகைக்கரையிற் கூலியாளாய் மண்சுமந்து பட்ட அடியும் தன் வினையால் வந்ததன்று. வந்திக்கு இரங்கிய அருளால் வந்தது. இவ்வேறுபாட்டை உணராது இருவரையும் ஒருவரெனல், பிணிதீர மருந்துண்பானையும் பிணிதீர்க்கும் மருத்துவனையும் ஒருவரெனக் கூறுதலோடொக்கும்.

இதனால் யவனர் கதையை இகழ்தல் வேண்டா. துன்பத்தாற் பழிகழுவி உயர்ந்த ஓருயிரின் வரலாறாக நோக்குவார்க்கு ஹெரக்ளீசின் கதையும் உள்ளம் உருக்குவதே.

அங்ஙனமாயின் மெகஸ்தனீஸ் கூற்றாற் பெறும் பயன் இல்லையோ எனின், உண்டு. அசோகன் கல்வெட்டுக்களிற் பாண்டியர் பெயர் பொறிக்கப்படுமுன்னரே அவர்தம் முத்தும் படையும் பாடலிபுத்திரத்திற் பேசப்பட்டன என்பது ஒன்று. பாண்டிநாட்டிற் பெண்ணரசு இருந்ததென்னும் நினைவு மிகப் பழையதாதல் கூடும் என்பது மற்றொன்று. அந்நினைவு புராணத்திற் தடாதகையாராகவும், நாட்டுமக்கள் பாட்டில் அல்லியரசாணியாகவும் வேறுவேறு உருக்கொண்டு நிலவுகின்றது. நாளுக்கோர் ஊர் இறை செலுத்திய முறையும் எளிதிற் தள்ளற்பாலதன்று. சிலப்பதிகாரத்து மதுரையில், அரண்மனைக்கு நெய் அளக்கும் முறை அன்று தன்னதென ஆய்மகள் மாதரி கூறக் காண்கின்றோமன்றோ? காலம் பல கடந்தும் இரு செய்தியும் ஒரே வகையான வழக்கத்தைக் குறிக்கின்றன. யவனர் நூல் சான்றாகத் தகுவது இத்தகைய நாட்டுச்செய்திக்கே.

ஆகவே பண்டேயா என்பாள் பாண்டிநாட்டின் புகழ் யவனர் செவிக்கு எட்டியமைக்கு அடையாளம். தடாதகைப் பிராட்டியார் மதுரையார் நெஞ்சில் ஆளும் அம்மை. முன்னதை வரலாற்றார் ஆய்க. பின்னதற்கு அயலார் கைச்சாத்து வேண்டுவதின்று. ஆண்டுதோறும் சித்திரையில் முடிசூட்டு விழாக் காண வந்து குழுமும் அடியார் கூட்டமே அதற்குச் சான்றாகும்.