பழி வாங்க ஒரு மனசு போதும்

சுஜாதாவின் ‘ரத்தம் ஒரே நிறம்’ நாவலை மறுபடி படித்தேன். கிருஷ்ணன்கோவிலில் தென்காசி பஸ் ஏறும்போது பிரித்தேன். இறங்கும்போது பாதி தாண்டியிருந்தது. 1857 கலகத்தை இவ்வளவு வேகமாகத் தமிழில் சொன்ன இன்னொரு நாவலை நான் படித்ததில்லை.

ஆனால் இந்த முறை ஒன்று உறுத்தியது. முத்துக்குமரனின் அப்பாவை மக்கின்ஸி என்ற வெள்ளை அதிகாரி கொல்கிறான். அந்தப் பழிதான் முத்துக்குமரனை வடக்கே இழுத்துக்கொண்டு போகிறது. பழி வாங்க ஒரு மனசு போதுங்க. கலகத்தில் மாட்டிக்கொண்டவனுக்கு ரெண்டு மனசு இருக்கும். கம்பெனி சம்பளம் ஒரு பக்கம், சொந்த ஜனம் ஒரு பக்கம்.

1857ல் எழுந்தது பெரும்பாலும் வங்காளப் படை. மதராஸ் படையின் சிப்பாய் ரெஜிமெண்டுகள் பெரும்பாலும் கலகத்தில் சேரவில்லை. கான்பூரில் கொடூரமாகப் பழிதீர்த்த நீல், மதராஸ் ஃபியூசிலியர்ஸ் என்ற வெள்ளையர் ரெஜிமெண்டின் அதிகாரி. அவருக்கு மவுண்ட் ரோட்டில் சிலை வைத்தார்கள். அதை அகற்றச் சொல்லி 1927ல் சத்தியாக்கிரகம் நடந்தது, 1937ல்தான் எடுத்தார்கள். எனக்கென்னவோ, சேராமல் நின்ற அந்தத் தமிழ் சிப்பாயின் ராத்தூக்கம்தான் பெரிய கதை என்று படுகிறது.

இதற்குக் கான்பூர் வரை போகவேண்டியதுகூட இல்லை. அதே பஸ் ராஜபாளையம், சேத்தூர் தாண்டி சிவகிரி வழியாகத்தான் போகும். 1799ல் சிவகிரிப் பாளையக்காரர் கம்பெனிக்குக் கப்பம் கட்டுகிறவர். அவர் மகனோ கட்டபொம்மன் பக்கம். மகனின் துணையோடு கட்டபொம்மன் சிவகிரியில் கை வைத்ததைக் கம்பெனி தனக்கு விடப்பட்ட சவாலாகவே எடுத்துக்கொண்டது. அந்த வருஷமே பானர்மேன் படை பாஞ்சாலங்குறிச்சிக்கு வந்தது. அக்டோபரில் கயத்தாறில் தூக்கு. ஒரே வீட்டுக்குள் ரெண்டு விசுவாசம். அப்பாவைக் கோழை என்றும் மகனை வீரன் என்றும் சொல்லிவிட்டால் கதை முடிந்துவிடும். அப்பாவுக்கும் காப்பாற்ற ஒரு பாளையம் இருந்ததே?

நாம் ஏன் அங்கே போகத் தயங்குகிறோம்? சுஜாதாவின் இந்தக் கதையே குமுதத்தில் முதலில் வேறு பெயரில் தொடங்கி, ஒரு சமூகத்தாரின் எதிர்ப்பால் நின்று, பிறகுதான் இந்தப் பெயரில் வந்தது. எங்கள் பக்கம் இன்னும் கஷ்டம். எட்டப்பன் என்பது இன்றைக்கும் வசைச்சொல். பாளையக்காரர்களின் வழிவந்தவர்கள் இங்கேயே இருக்கிறார்கள். யாருடைய தாத்தாவைத் துரோகி என்று எழுதுவது? அந்த பயத்தில், யாருக்கும் வலிக்காத தனிப்பட்ட பழி நாவலாசிரியருக்கு வசதியான வழி ஆகிவிடுகிறது.

ரத்தம் ஒரே நிறம்தான், சரி. விசுவாசம் அப்படியில்லையே. சிவகிரி அப்பாவையும் மகனையும் ஒரே பந்தியில் உட்காரவைத்து, ரெண்டு பேரையும் பேசவிடுகிற ஒரு நாவல் வந்தால், தென்காசி தாண்டியும் இறங்காமல் படிப்பேன்.