யஷ்பால்: கேள்வியை மதித்த தொலைக்காட்சி விஞ்ஞானி

விஞ்ஞானியைப் பாராட்டுவது எளிது. எடை போடுவது கடினம். தூர்தர்ஷனில் விஞ்ஞானம் பேசிப் புகழ்பெற்ற பேராசிரியர் யஷ்பால் (1926–2017) பாராட்டையும் எதிர்ப்பையும் ஒருங்கே சம்பாதித்தவர். அவரது வாழ்வை எடை போட்டுப் பார்ப்பது நமக்குப் பயன் தரும்.

அண்டக் கதிர்களை ஆராய்ந்த பௌதிக விஞ்ஞானி அவர். 1973இல் அகமதாபாத் விண்வெளிப் பயன்பாட்டு மையத்தின் முதல் இயக்குநரானார். 1975–76இல் அமெரிக்கச் செயற்கைக் கோள் ஒன்றின் வழியாக ஆறு மாநிலங்களில் சுமார் 2400 கிராமங்களுக்குத் தொலைக்காட்சி சென்றது. கோழிக்கூண்டுக்குப் பயன்படும் கம்பி வலையால் செய்த, மூன்று மீட்டர் அகலமுள்ள அலைவாங்கிகளே போதுமானவையாக இருந்தன! ஆனால் அந்த ஆறில் தமிழ்நாடு இல்லை. ஒலிபரப்பிய மொழிகளில் தமிழும் இல்லை. மேலும், கிராமத்தார் பார்க்கலாம், கேட்கலாம். திருப்பிக் கேட்க வழியில்லை. ஒருவழிப் பாதையான இக்குறை தொலைக்காட்சிக்கே உரியது.

1990களில் வந்த ‘டர்னிங் பாயிண்ட்’ நிகழ்ச்சி இக்குறையை ஓரளவு தீர்த்தது. அதில் நேயர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு யஷ்பால் விடை தந்தார். பாடப் புத்தகத்தை ஒப்பிக்காமல், கேட்டவரோடு சேர்ந்து யோசிப்பது அவர் பாணி. விடையைக் காட்டிலும் கேள்வியே பெரிது என்பது அவர் கொள்கை.

அவரது சாதனைகளுள் முக்கியமானது கிரகண ஒளிபரப்பு. 1980 பிப்ரவரி 16 முழுச் சூரிய கிரகணத்தன்று தூர்தர்ஷன் திரைப்படம் போட்டு மக்களை வீட்டுக்குள் இருத்தியது. 1995 அக்டோபர் 24 கிரகணத்தை அதே தூர்தர்ஷன் நேரடியாகக் காட்டியது. வர்ணனை செய்தவர்களுள் யஷ்பால் ஒருவர். மக்களின் பயத்தில் ஓர் உண்மை உண்டு: விழித்திரைக்கு வலி தெரியாது, எனவே சூரியனை நேரே பார்ப்பவர் தம் கண் கெடுவதை உணரமாட்டார். அதற்குத் தகுந்த வடிகட்டிதான் பரிகாரமே தவிர, கதவடைப்பு அன்று. பயத்தைக் கேலி செய்யாமல் அதன் காரணத்தை விளக்குவதே விஞ்ஞானப் பிரசாரத்தின் சரியான வழி.

சச்சரவு கல்வித் துறையில் எழுந்தது. சத்தீஸ்கரில் 2002ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் தனியார் பல்கலைக்கழகங்கள் நூற்றுக்கு மேல் முளைத்தன. பல, பெயரளவில் மட்டுமே இருந்தன. யஷ்பால் உச்ச நீதிமன்றம் சென்றார். 2005இல் அச்சட்டத்தின் முக்கியப் பிரிவுகள் செல்லாதெனத் தீர்ப்பாயிற்று. இதில் அவர் பக்கமே நியாயம். ஆனால் 2009இல் அவர் தலைமையிலான குழு, தாமே ஒருகாலத்தில் தலைமை வகித்த பல்கலைக்கழக மானியக் குழு உள்ளிட்ட அமைப்புகளுக்குப் பதிலாக, உயர்கல்விக்கென ஒரே தேசிய ஆணையம் வேண்டும் என்றது. அதிகாரம் ஓரிடத்தில் குவிந்தால் மாநிலங்களின் குரல் எங்கே போகும்? கேள்விகளை மதித்த மனிதர் இக்கேள்விக்குப் போதிய இடம் தரவில்லை என்பதே நம் கருத்து.

எனினும், அவர் தலைமையிலான குழு பள்ளிச் சுமை குறித்து 1993இல் தந்த அறிக்கை இன்றும் வாழ்கிறது. புத்தகப் பையின் கனத்தைவிட, புரியாமல் படிப்பதே பெருஞ்சுமை என்றது அது. ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் வட்டாரத்தில், சேரப்பணஞ்சேரி போன்ற ஊர்களைச் சுற்றி, இன்று ரோபோக்கள் காருடலைப் பற்றவைக்கின்றன. பக்கத்திலேயே ஐ.டி.ஐ. படித்த இளைஞர் பொத்தானை அழுத்துகிறார். எந்தப் பொத்தான் என்பது அவருக்குத் தெரியும். அழுத்தியதும் உள்ளே என்ன நடக்கிறது என்று சொல்லித் தந்தவர் உண்டா? தமிழில் சொன்னவர் உண்டா? இல்லையென்றால் புதிய இயந்திரம் வரும் நாளில் பழைய பயிற்சி செல்லாக் காசாகிவிடும்.

யஷ்பாலுக்குச் சிலை வைப்பதால் இக்குறை தீராது. ஒவ்வொரு பட்டறையிலும், ஒவ்வொரு வகுப்பிலும் ‘ஏன்?’ என்று கேட்பவரை அதட்டாமல் உட்கார வைத்துப் பேசவேண்டும். கேள்வி தமிழில் பிறக்கட்டும். விடையும் தமிழில் கிடைக்கட்டும்!