திருவிழாக் கடையின் காற்றுத் துப்பாக்கி

கார்த்திகைத் தீபத் திருவிழாவின்போது திருவண்ணாமலையின் மாட வீதிகளையும் அவற்றை அடுத்த தெருக்களையும் நிறைத்துக்கொள்ளும் கடைகளுள், வளையல் கடைக்கும் பொரி கடைக்கும் இடையே, பலகையில் வரிசை வரிசையாகப் பலூன்களைக் கட்டி, முன்னால் ஒரு மேசைமீது இரண்டொரு காற்றுத் துப்பாக்கிகளைக் கிடத்தியிருக்கும் கடையைக் காணாதவர் அரிது. ஏழாம் நாள் மகாரதம் பார்க்க வந்தவர்களும், பத்தாம் நாள் அந்தியில் 2,668 அடி உயர மலையுச்சியில் தீபம் ஏற்றப்படுவதற்காகக் காத்திருப்பவர்களும், பிள்ளைகளின் பிடிவாதத்துக்கு இணங்கிச் சில்லறையைக் கொடுத்துவிட்டு, சிறுபிள்ளை விளையாட்டு என்ற அலட்சியத்தோடு அதைக் கடந்துபோகிறார்கள். ஆயினும், எளிய விலையும் குறைந்த எடையும் உடைய அந்தச் சாதனத்தில் ஒரு நுட்பமான யந்திர தர்மம் அடங்கியிருக்கிறது என்பதும், நல்ல துப்பாக்கி எது என்ற கேள்விக்கு அது சொல்லும் விடை விலையுயர்ந்த ஆயுதங்களுக்கும் பொருந்தும் என்பதும் என்னுடைய துணிபு.

சுட்டவுடன் அடுத்த தோட்டாவைத் தானே ஏற்றிக்கொள்ளும் துப்பாக்கி நம் நாட்டில் பெரும்பாலும் ராணுவத்துக்கும் போலீஸுக்கும் உரியது; ஈஷாப்பூர் தொழிற்சாலையில் செய்யப்பட்டு நெடுங்காலம் போலீஸார் தோளில் கிடந்த 7.62 மில்லிமீட்டர் எஸ்.எல்.ஆர். என்னும் அவ்வகைத் துப்பாக்கி நான்கு கிலோவுக்கு மேற்பட்ட கனம் உடையது. சாதாரணக் குடிமகனுக்கோ, 4.5 மில்லிமீட்டருக்கு மேற்படாத குழலும் 20 ஜூலுக்கு மேற்படாத ஆற்றலும் உடைய காற்றுத் துப்பாக்கியை, 2016ஆம் ஆண்டின் ஆயுத விதிகள் உரிமம் இன்றியே வைத்துக்கொள்ள அனுமதிக்கின்றன. காற்றினால் சுடுவது தாழ்ந்த ஜாதி என்று எண்ணவும் வேண்டியதில்லை. 1780ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஜிரார்டோனி என்பவர் ஆஸ்திரிய ராணுவத்துக்குச் சமைத்துக் கொடுத்த காற்றுத் துப்பாக்கி, புகையும் நெருப்பும் இல்லாமல், ஒரே நிரப்பலில் இருபது குண்டுகளுக்குக் குறையாமல் ஒன்றன்பின் ஒன்றாக எய்தது என்பது சரித்திரம்.

கடைக்காரர் துப்பாக்கியின் குழலைப் பிடித்துக் கீழ்நோக்கி மடக்கும்போது நடப்பதைக் கவனிக்க வேண்டும். மடங்கும் குழல் ஒரு தண்டைத் தள்ள, உள்ளே உருளையில் இருக்கும் பிஸ்டன் வலுவான சுருள்வில்லை நெருக்கிக்கொண்டு பின்வாங்கி, ஒரு கொக்கியில் சிக்கி நிற்கிறது. பிறகு அவர் கட்டைவிரலால் குழலின் பின்வாயில் ஒரு சிறு ஈய ரவையை அழுத்துகிறார். தலை மழுங்கி, இடை ஒடுங்கி, பின்புறம் பாவாடைபோல் விரிந்து குடைவாக இருக்கும் அந்த ரவையின் வடிவம் வீண் அலங்காரம் அன்று. பின்னிருந்து மோதும் காற்று அந்த மெல்லிய ஓரத்தை விரித்துக் குழலோடு நெருக்க, காற்று கசியாமல் முழு அழுத்தமும் ரவைக்கே சேருகிறது. விசையைத் தொட்டதும் கொக்கி விலகுகிறது, வில் விடுபடுகிறது, பிஸ்டன் முன்னே பாய்ந்து காற்றை ஒரு குறுகிய துளை வழியே பிதுக்க, ரவை வெளியேறுகிறது. முன்கூட்டிச் சேமித்த காற்று இதில் இல்லை. அந்தக் கணத்தில் பிறந்து அந்தக் கணத்திலேயே செலவாகும் காற்று இது.

இங்கேதான் இதன் தனிச்சிறப்பும் சங்கடமும் ஒருங்கே இருக்கின்றன. பிஸ்டன் முன்னே பாயத் தொடங்கும்போது துப்பாக்கி பின்னே உதைக்கிறது. பிஸ்டன் உருளையின் முனையில் தடைப்படும்போது அதே துப்பாக்கி முன்னே துள்ளுகிறது. இந்த இரட்டை அசைவு அடங்குவதற்கு முன்பே ரவை குழலைக் கடந்துபோக வேண்டியிருக்கிறது. இறுக்கிப் பிடித்தால் அசைவு நின்றுவிடும் என்று நம்பி, முதல்முறை தோளில் ஏற்றுகிறவர்கள் பல்லைக் கடித்துக்கொண்டு பிடிப்பதைப் பார்க்கிறோம். ஆனால் மனிதனின் இறுக்கம் முறைக்கு முறை மாறுவதால் குறியும் அதனோடு மாறிவிடுகிறது. முன்கட்டையை விரித்த உள்ளங்கையின்மேல் வெறுமனே கிடத்தி, தோளில் மெல்லச் சார்த்தி, துள்ள வேண்டிய அளவு துள்ளட்டும் என்று அதன் போக்கில் விட்டு, சுட்ட பிறகும் ஒரு மூச்சு நேரம் குறியைவிட்டுக் கண்ணை எடுக்காமல் நிற்பவனுக்கே அது வசப்படும்.

இனி, குணதோஷம் பார்க்கும் முறை. எடையைக் கையில் ஏந்திப் பார்ப்பதும், கட்டையின் வழவழப்பைத் தடவிப் பார்ப்பதும் முதல் பரிச்சயம் மட்டுமே. குழலை மடக்கி மூடியபின் கீலில் ஆட்டம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். பல மாதிரிகளில் முன்குறியும் பின்குறியும் குழலோடு சேர்ந்தே மடங்கி நிமிர்வதால், சிறிய ஆட்டத்தை அவை ஓரளவு பொறுத்துக்கொள்ளும். விசை கனமாக இருப்பது பெருங்குறை அன்று. ஒரு தரம் இங்கேயும் ஒரு தரம் அங்கேயும் விடுபடுவதே குறை. எல்லாவற்றுக்கும் மேலான பரீட்சை, ஒரே புள்ளியைக் குறித்து ஐந்து ரவைகளைச் சுட்டுப் பார்ப்பது. ஐந்தும் குறியைவிட்டு இரண்டங்குலம் இடப்புறம் தள்ளி, ஆனால் ஒரு காலணா அகலத்துக்குள் ஒன்றையொன்று நெருங்கி விழுமானால், அது உத்தமமான துப்பாக்கி. பின்குறியைச் சிறிது நகர்த்தினால் போதும். ஒன்று குறியின் நடுவிலும், மற்றவை நான்கு திசைகளிலும் சிதறுமானால், அந்த ஒரு வெற்றியைக் கண்டு மயங்கலாகாது. மாறாத பிழையை அறிவு திருத்திவிடும். மாறிக்கொண்டே இருக்கும் பிழைக்கு மருந்து இல்லை.

பலூன் கடையில் இந்த உண்மையை நேரிலே காணலாம். பலூன் வெடித்தது என்பது, ரவை அதன் நடுவில் பட்டதா ஓரத்தில் பட்டதா என்பதைச் சொல்லுவதில்லை. ஆகையால் விவரம் தெரிந்தவன், கடைக்காரரின் அனுமதியோடு, பலகையில் ஏற்கெனவே விழுந்த ஒரு துளையைக் குறியாக வைத்து முதல் ரவையைச் செலவிடுகிறான். புதிய துளை எந்தப் பக்கம், எவ்வளவு தூரம் தள்ளி விழுந்ததோ, அதற்கு நேர் எதிர்ப்பக்கம் அவ்வளவு தூரம் தள்ளிக் குறிபார்க்கிறான். அதன் பிறகு பலூன்கள் வரிசையாக வெடிக்கின்றன. குறிகள் கோணலாக இருக்கின்றன என்று கடையைப் பழிக்கும் கூட்டத்துக்கு நடுவே, அந்தக் கோணலைக் கணக்கில் கொண்டு வென்றவனுடைய நிதானம் பார்க்கத் தகுந்தது.

காற்றுத் துப்பாக்கியைப் பேணுவதிலும் ஒரு பக்குவம் உண்டு. பழைய மாதிரிகளில் பிஸ்டனின் முகப்பில் இருக்கும் தோல் வாஷருக்கு இரண்டொரு சொட்டு எண்ணெய் உயிர். அளவு மீறினாலோ, அழுத்தத்தின் சூட்டில் எண்ணெயே பற்றிப் புகைந்து, சத்தம் பெருகிக் குறி கெடும். ரவை இல்லாமல் சுடுவது வில்லுக்கும் பிஸ்டனுக்கும் கேடு. மடக்கிய குழலை ஒரு கை விடாமல் பற்றிக்கொண்டே ரவை இட வேண்டும். கொக்கி தவறினால் குழல் நிமிரும் வேகம் விரலை நசுக்கிவிடும். ரவை இருந்தாலும் இல்லாவிட்டாலும் குழலின் வாயை மனிதர் பக்கம் திருப்பாதிருப்பது, இந்தக் கலையின் முதல் பாடமும் கடைசிப் பாடமும் ஆகும்.

இதே 4.5 மில்லிமீட்டர் ரவையைக்கொண்டுதான், 10 மீட்டர் தூரத்தில், அரை மில்லிமீட்டர் அகலமே உள்ள நடுப்புள்ளியை ஒலிம்பிக் வீரர்கள் நாடுகிறார்கள். அவர்களுடைய துப்பாக்கி, முன்னரே அடைத்த காற்றினால் இயங்கி உதை இல்லாதது. விலையோ லட்சக்கணக்கில் ஏறுவது. 2008இல் பெய்ஜிங்கில் அபினவ் பிந்த்ரா பொன் பதக்கத்தையும், 2012இல் லண்டனில் சென்னையில் பிறந்த ககன் நாரங் வெண்கலத்தையும் இந்தப் பிரிவிலேதான் வென்றார்கள். நமக்கு அண்மையிலுள்ள கடலூரில் பிறந்த இளவேனில் வாலறிவன் 2019இல் ரியோ உலகக் கோப்பையில் தங்கம் கொண்டார். அந்த உயரத்துக்கும் திருவிழாக் கடைக்கும் தூரம் அதிகம் என்பது மெய்யே. எனினும், கருவியின் இயல்பை அறிந்து, அதன் பிழையைக் கணக்கிட்டு, சுட்ட பிறகும் நிலை குலையாமல் நிற்கும் பழக்கம் இரண்டுக்கும் ஒன்றே. பத்து மீட்டர் நீளமுள்ள ஒரு கூடம், பின்னால் ரவையைத் தாங்கும் ஒரு பாதுகாப்பான தடுப்பு, பொறுப்புள்ள ஓர் ஆசிரியர், எளிய துப்பாக்கிகள் இரண்டு: திருவண்ணாமலையின் பள்ளிகளும் கல்லூரிகளும் இவ்வளவை ஏற்படுத்திக்கொடுப்பது அசாத்தியம் அன்று. அப்படிச் செய்வோமானால், ஆண்டுக்கொரு முறை வீதியில் கண்டு மறக்கும் வேடிக்கை, நம் பிள்ளைகளுக்கு ஆண்டு முழுதும் அப்பியாசமாகும்.