அந்த 3 நிமிடம் 46 விநாடி

என்பிஏ கூடைப்பந்து இறுதித் தொடரில் ஆறு ஆட்டங்கள் முடிந்தபோது கிளீவ்லாந்து கேவலியர்ஸ் எடுத்திருந்த மொத்தப் புள்ளிகள் 610. கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸ் எடுத்திருந்ததும் 610. ஆளுக்கு மூன்று வெற்றி. இவ்வளவு சரிசமமாக வந்து நின்ற தொடரில் அதுவரை ஓர் ஆட்டம்கூட நெருக்கமாக முடியவில்லை என்பதுதான் விசித்திரம். 15, 33, 30, 11, 15, 14 என்று எல்லாமே இரட்டை இலக்க வித்தியாசம். அடித்தால் பலமாக அடிப்பது, விழுந்தால் அடியோடு விழுவது என்று போய்க்கொண்டிருந்த இரண்டு அணிகளும் 2016 ஜூன் 19 அன்று ஓக்லாந்தின் ஆரக்கிள் அரங்கில் ஏழாவது ஆட்டத்துக்கு இறங்கின.

அந்த ஆட்டத்தைப் பற்றிப் பேச்சு எடுத்தாலே லெப்ரான் ஜேம்ஸ் போட்ட பிளாக்கும், கைரி இர்விங் போட்ட த்ரீ பாயின்டரும்தான் முதலில் வரும். இரண்டும் அதற்குத் தகுதியானவைதான். ஆனால் 93-89 என்ற அந்த முடிவை அந்த இரண்டு காட்சிகளை மட்டும் வைத்து விளக்க முடியாது. யாரை எதிர்த்து விளையாடுவது என்பதைக் கடைசிவரை கேவலியர்ஸ்தான் தீர்மானித்தார்கள். வாரியர்ஸ் அதற்கு இடம் கொடுத்தார்கள். ஆட்டம் போனது அங்கேதான்.

வாரியர்ஸ் எந்த உயரத்திலிருந்து வந்தவர்கள் என்பதை முதலில் பார்த்துவிடலாம். அந்த சீசனில் அவர்கள் 73 ஆட்டங்களில் வென்று 9-இல் மட்டுமே தோற்றவர்கள். மைக்கேல் ஜோர்டனின் சிகாகோ புல்ஸ் 1995-96 சீசனில் வைத்த 72-10 சாதனையையே தாண்டியவர்கள். ஸ்டெபன் கரி அந்த ஒரே சீசனில் 402 த்ரீ பாயின்டர் போட்டு, ஒரு வாக்குகூடச் சிதறாமல் சிறந்த வீரர் விருதை வாங்கியிருந்தார். இறுதித் தொடரில் 3-1 என்று முன்னிலையும் எடுத்தார்கள். அதற்கு முன் என்பிஏ இறுதித் தொடரில் 1-3 என்று பின்தங்கிய 32 அணிகளில் ஒன்றுகூட மீண்டு வந்து கோப்பையைத் தொட்டதில்லை. ஏழாவது ஆட்டம் வரை போன 18 இறுதித் தொடர்களில் 15-ஐ வென்றதும் சொந்த ஊர் அணிதான்.

ஐந்தாவது ஆட்டத்தில் டிரேமண்ட் கிரீனுக்குத் தடை விழுந்ததால்தான் தொடர் திரும்பியது என்று வாரியர்ஸ் ரசிகர்கள் இன்றும் சொல்வார்கள். அந்த ஆட்டத்தில் லெப்ரானும் இர்விங்கும் ஆளுக்கு 41 புள்ளிகள் எடுத்தார்கள், அது உண்மை. என் கணக்கில் அதைவிடப் பெரிய இழப்பு, அதே ஆட்டத்தில் முழங்காலில் அடிபட்டு ஆண்ட்ரூ போகட் வெளியேறியது. கிரீன் ஓர் ஆட்டம் உட்கார்ந்துவிட்டுத் திரும்பி வந்துவிட்டார். போகட் திரும்பவே இல்லை. வளையத்துக்கு அடியில் காவலுக்கு நின்ற பெரிய உடம்பு அது. அது இல்லாமல் போனதன் விலையை ஏழாவது ஆட்டத்தின் முக்கியமான கட்டத்தில் வாரியர்ஸ் கொடுத்தார்கள்.

முதல் பாதியைச் சீக்கிரம் சொல்லிவிடலாம், ஏனென்றால் அது கிரீன் ஒருவரின் பாதி. கரியையும் க்ளே தாம்சனையும் நெருக்கிப் பிடிப்பது, அதனால் கிரீனுக்கு இடம் கிடைத்தால் கிடைக்கட்டும் என்று விட்டுவிடுவது, இதுதான் கேவலியர்ஸ் போட்ட கணக்கு. கிரீன் அதைச் சுக்குநூறாக்கினார். வெளியிலிருந்து எறிந்த ஐந்தும் உள்ளே போயின, இடைவேளைக்குள் 22 புள்ளிகள். ஆட்டம் முடியும்போது அவர் கணக்கில் 32 புள்ளி, 15 ரீபவுண்ட், 9 அசிஸ்ட். தோற்ற அணியில் இருந்ததாலேயே இந்த ஆட்டத்தை யாரும் பெரிதாகப் பேசுவதில்லை, அது அநியாயம். ஆனால் அவ்வளவு அடித்தும் இடைவேளையில் வாரியர்ஸ் முன்னிலை 49-42 மட்டுமே. கிரீனை விட்டுவைத்தது கேவலியர்ஸுக்கு வலித்தது, கொல்லவில்லை. மற்ற இருவரும் அடங்கியே இருந்தார்கள். மூன்றாம் கால்பகுதி தொடங்கிய உடனே ஜே.ஆர். ஸ்மித் மளமளவென்று எட்டுப் புள்ளிகள் எடுக்க, இர்விங் பின்னாலேயே வர, அந்தக் கால்பகுதி முடிவில் 76-75. வாரியர்ஸ் ஒரு புள்ளி முன்னால்.

கடைசிக் கால்பகுதியில் ஏறத்தாழ ஐந்தரை நிமிடம் மீதமிருக்கும்போது வாரியர்ஸ் 87-83 என்று முன்னிலையில் இருந்தார்கள். போகட் இல்லாத இடத்தில் பயிற்சியாளர் ஸ்டீவ் கெர் அப்போது நிறுத்தியிருந்தது ஃபெஸ்டஸ் எசிலியை. உயரமானவர், வளையத்துக்குக் கீழே நின்றால் பயன்படுவார். லெப்ரான் அவரை அங்கே நிற்கவிடவில்லை. காவலாளை மாற்றிக்கொள்ளும் ஸ்விட்ச் வரவழைத்து, மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெளியே இழுத்து வந்து, எறிவதுபோல் ஒரு பாவனை காட்டி ஃபவுல் வாங்கினார். மூன்று ஃப்ரீ த்ரோக்களும் உள்ளே. அடுத்து கரி, முதுகுக்குப் பின்னால் கையை வீசி தாம்சனுக்குக் கொடுக்கப் பார்த்த பந்து நேராக எல்லைக்கோட்டைத் தாண்டிப் போனது. மறுபடியும் லெப்ரான், மறுபடியும் எதிரில் எசிலி, இந்த முறை த்ரீ பாயின்டர். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை, 87-83 என்றிருந்தது 87-89 ஆகிவிட்டது.

கரியின் அந்தப் பாஸை மன்னிக்கலாம், ஆண்டு முழுக்க அப்படி விளையாடித்தான் அவர்கள் ஜெயித்தார்கள். எசிலியை அந்த நேரத்தில் களத்தில் விட்டுவைத்ததை மன்னிக்க எனக்கு மனம் வரவில்லை. எதிரணியில் யார் பலவீனமானவர் என்று தேடுவதையே தொடர் முழுக்கத் தொழிலாகச் செய்தவர் லெப்ரான். அவருக்கு வேண்டியதைக் கெரே கொண்டுவந்து கொடுத்ததுபோல் ஆயிற்று.

4 நிமிடம் 39 விநாடி மீதமிருக்கும்போது தாம்சன் லே-அப் போட்டு 89-89 ஆக்கினார். அதன் பிறகு வாரியர்ஸ் ஒரு புள்ளிகூட எடுக்கவில்லை. கடைசியாக எறிந்த ஒன்பதும் வெளியே போயின. கேவலியர்ஸும் 3 நிமிடம் 46 விநாடிக்கு ஒன்றும் எடுக்கவில்லை. உலகின் தலைசிறந்த எறிதல்காரர்கள் பத்துப் பேர் நிற்கும் களத்தில் இருபுறமும் வளையம் மூடிக்கொண்டதுபோல் இருந்தது. கால்கள் ஓய்ந்துவிட்டன என்பது ஒரு காரணம். லெப்ரான் 48 நிமிடத்தில் ஏறக்குறைய 47 நிமிடம் களத்தில் இருந்தார். கரி முதல் சுற்றிலேயே முழங்கால் தசைநாரில் அடிபட்டு, பாதி குணத்தோடு இவ்வளவு தூரம் வந்தவர். அன்று அவர் எறிந்த 14 த்ரீ பாயின்டர்களில் 4-தான் உள்ளே போயின, தாம்சனுக்கு 10-இல் 2. ஹாரிசன் பார்ன்ஸ் கடைசி மூன்று ஆட்டங்களையும் சேர்த்து 32 முறை எறிந்து 5 மட்டுமே போட்டார். அவரைத் திறந்தவெளியில் விட்டுவிட்டு மற்றவர்களுக்குக் கூடுதல் காவல் போட கேவலியர்ஸுக்கு அது வசதியாகப் போயிற்று.

அந்த வறட்சிக்குள்தான் பிளாக் வருகிறது. ஒரு நிமிடம் 50 விநாடி பாக்கி. இர்விங் எறிந்தது தவறி, ரீபவுண்ட் ஆண்ட்ரே இக்வடாலா கையில். எடுத்த வேகத்தில் முன்னால் பாய்ந்து கரியிடம் கொடுக்கிறார், கரி தரையில் தட்டித் திருப்பிக் கொடுக்கிறார். முன்னால் நிற்பது ஜே.ஆர். ஸ்மித் ஒருவர்தான். ஸ்மித் ஃபவுல் செய்யவில்லை, விலகவும் இல்லை, பந்தை நோக்கிக் கையை வீசினார். அந்தக் கைக்குத் தப்புவதற்காக இக்வடாலா காற்றில் இருந்தபடியே பந்தை ஒரு கணம் கீழிறக்கி மறுபடி மேலே கொண்டுபோனார். பின்னாலிருந்து ஓடிவந்த லெப்ரானுக்கு அந்த ஒரு கணம்தான் வேண்டியிருந்தது. பந்து பலகையில் பட்ட பிறகு தொட்டிருந்தால் விதிமீறல், இரண்டு புள்ளி வாரியர்ஸுக்குப் போயிருக்கும். லெப்ரான் அதற்குள் பந்தைப் பலகையோடு வைத்து அடித்துவிட்டார். ஸ்மித் பாதையைவிட்டு ஒதுங்கியிருந்தால் அது சாதாரண லே-அப், ஸ்கோர் 91-89. பிளாக் லெப்ரானுடையது. பாதி உழைப்பு ஸ்மித்துடையது.

முந்தைய ஆண்டு இதே இரு அணிகள் மோதிய இறுதித் தொடரில், லெப்ரானைக் கட்டுப்படுத்தியதற்காகச் சிறந்த வீரர் விருது வாங்கியவர் இந்த இக்வடாலாதான். ஆறாவது ஆட்டத்தில் முதுகு பிடித்துக்கொண்டு தவித்தவரும் அவர்தான். அந்த முதுகு சரியாக இருந்திருந்தால் இன்னும் ஓர் அங்குலம் எழும்பியிருப்பாரோ என்று எனக்குத் தோன்றாமல் இல்லை.

டைம் அவுட்டுக்குப் பிறகு கேவலியர்ஸ் செய்தது அந்தத் தொடரின் சாரம். இர்விங்கைக் காத்து நின்றவர் தாம்சன், அணியின் மிகச் சிறந்த தடுப்பாளர்களில் ஒருவர். அவரை எதிர்த்து எறிய இர்விங்குக்கு விருப்பமில்லை. கரி காத்துக்கொண்டிருந்த ஆளை வரவழைத்து ஸ்கிரீன் போட்டார்கள், வாரியர்ஸ் வழக்கம்போல் ஆள் மாற்றிக்கொண்டார்கள், இர்விங் முன்னால் கரி வந்து நின்றார். மற்ற எட்டுப் பேரும் விலகி நிற்க, இர்விங் பந்தைத் தட்டித் தட்டி வலப்பக்கம் நகர்ந்து, ஓர் அடி பின்வாங்கி எறிந்தார். கரி தவறு எதுவும் செய்யவில்லை. நெருக்கமாகத்தான் நின்றார், கையும் உயர்த்தினார். 53 விநாடி மீதி, 92-89.

அடுத்த முறை வாரியர்ஸ் அதையே திருப்பிச் செய்யப் பார்த்தார்கள். கரிக்கு எதிரில் கெவின் லவ் வந்து மாட்டினார். தடுப்பாட்டத்தில் மந்தமானவர் என்று தொடர் முழுக்க விமர்சனம் வாங்கியவர், நடுவில் தலையில் அடிபட்டு ஓர் ஆட்டம் உட்கார்ந்தவர். அந்த விநாடிகளை நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பேன். கரி இடம் வலமாக ஆட்டம் காட்டுகிறார், லவ் இடுப்பைத் தாழ்த்தி கூடவே நகர்கிறார். பந்தை கிரீனிடம் கொடுத்துத் திரும்ப வாங்குகிறார், லவ் அசரவில்லை. மறுபடி ஆட்டம் காட்டி, கடைசியில் லவ்வின் கைக்கு மேலாக எறிந்த த்ரீ பாயின்டர் தவறியது. என்னைக் கேட்டால் அந்த ஆட்டத்தின் மிகச் சிறந்த தடுப்பு இதுதான், பிளாக்கைக்கூட இதற்கு அடுத்துத்தான் வைப்பேன். பிளாக் உடம்பின் வேலை. இது, தன்னால் முடியாது என்று உலகமே சொன்ன ஒன்றை, எறிதலில் அப்போது உலகிலேயே முதல்வராக இருந்தவர் முன்னால் நின்று செய்தது. லவ் களத்தில் இருந்த நேரத்தை மட்டும் கூட்டிப் பார்த்தால் கேவலியர்ஸ் 19 புள்ளி அதிகம்.

மூன்று புள்ளி வித்தியாசம், கையில் முக்கால் நிமிடத்துக்கு மேல். கரி லவ்வைக் கடந்து உள்ளே போய் விரைவாக இரண்டு எடுத்திருக்கலாம். அப்படியும் ஆட்டம் உயிரோடுதான் இருந்திருக்கும். ஆனால் அன்று வாரியர்ஸ் எறிந்த 83-இல் 41 த்ரீ பாயின்டர்கள். கேவலியர்ஸ் த்ரீ பாயின்டர் 25 முயன்று 6-தான் போட்டார்கள். அதற்குப் பதில் வளையத்தை நோக்கி மோதிக்கொண்டே இருந்தார்கள், ஃப்ரீ த்ரோவில் 25-க்கு 21 எடுத்தார்கள். வாரியர்ஸுக்கு அங்கே 13-க்கு 10. வெளியிலிருந்து எறிவது கைகொடுக்காத இரவில் கோட்டில் நின்று கிடைத்த அந்தப் 11 புள்ளிதான் வித்தியாசம்.

10.6 விநாடி மீதமிருக்கும்போது லெப்ரான் டங்க் செய்யப் பாய்ந்தார், கிரீன் தடுத்து ஃபவுல் செய்தார். விழுந்த வேகத்தில் மணிக்கட்டில் அடி. எழுந்து வந்து முதல் ஃப்ரீ த்ரோவைத் தவறவிட்டு, இரண்டாவதைப் போட்டார். நான்கு புள்ளி. ஒரே எறிதலில் எட்ட முடியாத தூரம். அன்று 24-இல் 9 தான் அவர் கையிலிருந்து உள்ளே போயின, ஆனாலும் 27 புள்ளி, 11 ரீபவுண்ட், 11 அசிஸ்ட். தொடர் முழுவதும் புள்ளி, ரீபவுண்ட், அசிஸ்ட், ஸ்டீல், பிளாக் ஐந்திலும் இரு அணியிலும் அவர்தான் முதலிடம். பக்கத்து ஆக்ரனில் பிறந்து, 2010-இல் ஊரை விட்டுப் போய் ஏச்சு வாங்கி, 2014-இல் திரும்பி வந்தவர். 1964-க்குப் பிறகு பெரிய தொழில்முறைப் பட்டம் எதையும் பார்க்காத கிளீவ்லாந்துக்கு 52 ஆண்டுகளில் முதல் கோப்பை அது.

வாரியர்ஸ் அந்தத் தோல்வியை எப்படிப் படித்தார்கள் என்பது பதினைந்தே நாளில் தெரிந்துவிட்டது. ஜூலை 4 அன்று கெவின் டுரண்ட் அங்கே சேரும் முடிவை அறிவித்தார். பார்ன்ஸும் போகட்டும் டல்லாஸுக்குப் போனார்கள். 73 ஆட்டம் வென்ற அணி இதற்கா ஆசைப்பட வேண்டும் என்று அப்போது எழுந்த கோபம் புரிந்துகொள்ளக் கூடியதே. ஆனால் அந்த 3 நிமிடம் 46 விநாடியைப் பார்த்தவர்களுக்கு அணி எதைத் தேடியது என்பது விளங்கும். பாஸ் ஓடாத, ஸ்கிரீன் உதவாத நேரத்தில், எதிரில் யார் நின்றாலும் அவர் தலைக்கு மேலாக எறியக்கூடிய உயரமும் கையும் உள்ள ஒருவர் வேண்டும். 2017 இறுதித் தொடரின் மூன்றாவது ஆட்டம், கிளீவ்லாந்தில், கேவலியர்ஸ் இரண்டு புள்ளி முன்னால், 45 விநாடி மீதி. டுரண்ட் பந்தோடு ஓடி வந்து, பின்வாங்கிக்கொண்டிருந்த லெப்ரானுக்கு எதிரிலேயே நின்று த்ரீ பாயின்டர் போட்டார். வாரியர்ஸ் 114-113. அந்த ஆட்டத்தையும், 4-1 என்று அந்தத் தொடரையும் அவர்கள் எடுத்தார்கள்.