சம்பு சாஸ்திரியாக நடித்த சிவன்

பாபநாசம் சிவன் என்றதும் கீர்த்தனைகள் நினைவுக்கு வரும். ‘அசோக்குமார்’, ‘சிவகவி’, ‘ஹரிதாஸ்’ படங்களில் தியாகராஜ பாகவதர் பாடியவை வரும். சிவன் திரையில் நடிக்கவும் செய்தார் என்பது இசை ரசிகர்கள் பலருக்கே தெரியாது. ‘பக்த குசேலா’ (1936), ‘தியாகபூமி’ (1939), ‘பக்த சேதா’ (1940), ‘குபேர குசேலா’ (1943) ஆகியவை அவர் முகம் காட்டிய படங்கள். நடிகராக அவரை எடைபோட ‘தியாகபூமி’ ஒன்றே போதும்.

கல்கியின் கதை, இயக்கம் கே. சுப்பிரமணியம். புயலில் வீடிழந்த சேரி மக்களுக்கு இடம் கொடுத்ததால் ஊர் ஒதுக்கிவைக்கும் நெடுங்கரை சம்பு சாஸ்திரிதான் சிவன். மகள் சாவித்திரியைக் (எஸ்.டி. சுப்புலட்சுமி) கணவன் கைவிடுகிறான். தன் பேத்தி என்று அறியாமலே சாருவை (பேபி சரோஜா) வளர்க்கிறார் சாஸ்திரி. தொண்டை கிழிய அழுது கைதட்டல் வாங்கத் தோதான வேடம் இது. நாடகக் கம்பெனிகளில் தேறி வந்த நடிகர் ஒருவர் செய்திருந்தால் அப்படித்தான் ஆகியிருக்கும்.

சிவன் வந்த வழி வேறு. மயிலாப்பூர் மாடவீதிகளில் மார்கழி விடியலில் பஜனை பாடி நடந்தவர். ஐம்பதை நெருங்கும் வயதில் அந்த நடையையும் குரலையும் பணிவையும் அப்படியே சாஸ்திரிக்குக் கொடுத்தார். பக்தியை அவர் நடித்துக் காட்ட வேண்டியிருக்கவில்லை. அதனால் துயரமும் மிகையாகவில்லை. ஆரம்பகாலப் பேசும்படங்களில் இந்த அடக்கம் அபூர்வம். அதே படத்தின் இசையிலும் அவர் பங்கு உண்டு என்பதைச் சேர்த்துப் பார்த்தால் உழைப்பின் அளவு புரியும்.

வீச்சு குறைவு என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். இரண்டு படங்களில் அதே குசேலர். சம்பு சாஸ்திரியும் வறுமையில் வாடும் நல்லவர்தான். கோபமோ சூதோ கலந்த வேடம் கொடுத்து அவரைச் சோதித்துப் பார்த்திருக்கலாம். ஆனால் 1934-இல் ‘சீதா கல்யாணம்’ தொடங்கி சினிமா உலகம் அவரிடம் அதிகம் கேட்டது பாட்டைத்தான்.

1971-இல் சங்கீத கலாநிதி, 1972-இல் பத்மபூஷண். இரண்டும் இசைக்குக் கிடைத்தவை. பிரிட்டிஷ் அரசு தடைசெய்த படம் என்பதற்காகவும் டி.கே. பட்டம்மாளின் குரலுக்காகவும் ‘தியாகபூமி’யை இன்றும் தேடிப் பார்ப்பவர்கள் உண்டு. அடுத்த முறை பார்க்கும்போது சம்பு சாஸ்திரியின் மீதும் கண் வையுங்கள். தமிழ்ப் பேசும்படத்தின் முதல் பத்தாண்டுகளில் வந்த தேர்ந்த நடிப்புகளில் அதற்கும் இடம் உண்டு.