நிழலைப் பேணுபவர் யார்? அன்டோனின் ரேமண்டின் வடிவமைப்புக் கோட்பாடும் நெய்வேலி நகரியமும்

புதுச்சேரி அரவிந்தர் ஆசிரமத்தின் 'கோல்கோண்ட்' விடுதியைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அதனைத் தட்பவெப்பத்திற்கு இயைந்த கட்டடம் என்று கூறி அமைகின்றனர். அம்மதிப்பீடு பிழையன்று. ஆயினும் அதனை வடிவமைத்த அன்டோனின் ரேமண்டின் கோட்பாட்டை அது வெறும் தொழில்நுட்பமாகச் சுருக்கிவிடுகிறது.

பொகீமியாவில் பிறந்த ரேமண்ட், ஃபிராங்க் லாயிட் ரைட்டின் டோக்கியோ இம்பீரியல் ஓட்டல் பணிக்காக ஜப்பான் சென்று அங்கேயே தனித்தொழில் தொடங்கியவர். எளிமை, சிக்கனம், பொருளின் இயல்பை மறைக்காமை ஆகியவற்றை ஜப்பானிய மரவீடுகளில் கண்டார். 1930களின் பிற்பகுதியில் தொடங்கிய கோல்கோண்ட் பணி அப்பார்வையைக் கான்கிரீட்டில் சோதித்தது. விடுதியின் நீண்ட முகப்புகள் வடக்கும் தெற்கும் நோக்கியவை. அவற்றில் கண்ணாடிச் சன்னல்கள் இல்லை. திருப்பக்கூடிய அஸ்பெஸ்டாஸ் சிமெண்டுத் தகடுகள் கிடைமட்டமாக அடுக்கப்பட்டுள்ளன. அறைக்கும் நடைக்கும் இடையிலுள்ள தேக்குச் சறுக்குக் கதவுகள் காற்றை விட்டுப் பார்வையை மறைக்கின்றன.

காற்று புகும் வழியில் ஓசையும் புகும். வெயிலுக்கும் மழைக்கும் ஏற்பத் தகடுகளைத் திருப்புவதும் குடியிருப்பவரின் கைதான். எனவே ரேமண்டின் எளிமை, அமைதி காத்துக் கட்டடத்தைக் கவனித்து வாழும் ஆசிரம ஒழுக்கத்தின்மேல் நிற்கிறது. கட்டுமானமும் அவ்வாறே நடந்தது. ஜார்ஜ் நகாஷிமா களத்தில் தங்கி மேற்பார்வையிட்டார், ஆசிரமவாசிகளும் உழைத்தனர், பணி 1940கள்வரை நீண்டது. எந்த ஒப்பந்ததாரரும் அத்தனை காலம் பொறுத்திருக்கமாட்டார்.

பழைய தென்னார்க்காட்டின் அதே வெயிலில், 1956இல் நிறுவப்பட்ட பழுப்பு நிலக்கரி நிறுவனத்தின் தொழிலாளர்களுக்காக எழுந்தது நெய்வேலி நகரியம். இரவுப்பணி முடித்துப் பகலில் உறங்குபவரும், சமையலும், விளையாடும் பிள்ளைகளும் உள்ள வீடுகளில் கோல்கோண்டின் அமைதியை எதிர்பார்க்க இயலாது. வட்டங்களாகப் பகுக்கப்பட்ட இந்நகரியம் நிழலை வீட்டிற்கு வெளியே, சாலை மரங்களிலும் தோட்டங்களிலும் வைத்தது. சாலை நிழலைப் பேணும் பொறுப்பு நிர்வாகத்தினுடையது. இவ்வேறுபாட்டைக் கருதாமல் ரேமண்டின் அளவுகோலைக் கொண்டு தொழிலாளர் குடியிருப்பைக் குறைகூறுவது ஆய்வுநேர்மை ஆகாது.

கோல்கோண்டிலிருந்து இத்தகைய குடியிருப்புகள் கொள்ளத்தக்கது பலரும் வியக்கும் முகப்பன்று, அதன் கூரை. தளத்தின்மேல் இடைவெளிவிட்டுப் பொருத்தப்பட்ட வளைந்த கான்கிரீட் ஓடுகள் வெயிலைத் தாங்குகின்றன. இடையிலுள்ள காற்று வெப்பம் இறங்குவதைத் தடுக்கிறது. அக்கூரை குடியிருப்பவரிடம் எந்த ஒழுக்கத்தையும் கேட்பதில்லை.